அடுக்களையில் மகாதேவன்

செண்பகவல்லியின் பெயர் சமூகவியல்காரர்கள் மத்தியில் அடிபட ஆரம்பித்தது ஒரே ஒரு வாக்கியத்தால். 'தென்னிந்தியக் குடும்பங்களில், மனைவி வேலைக்குப் போனாலும் கணவன் அடுக்களைக்குள் நுழைவதில்லை' என்பது அந்த வாக்கியம். ஒன்றரை வருஷம் தாராவியிலும் மாட்டுங்காவிலும் வீடு வீடாக ஏறி இறங்கி, அறுபத்து மூன்றாம் ஆண்டு அவள் எழுதிய கட்டுரையின் கடைசிப் பக்கத்தில் அது இருந்தது. அதை எழுதியது மாட்டுங்காவில், தன் வீட்டு ஹாலில், ஜன்னலோர மேஜையில். எழுதி முடித்துப் பேனாவை மூடியபோது, "வல்லி, ரசத்துக்கு உப்பு போதுமான்னு பார்த்துச் சொல்லு" என்று உள்ளேயிருந்து அவள் புருஷன் மகாதேவனின் குரல் வந்தது. எழுந்து போய், ஒரு கரண்டி வாங்கிக் குடித்துப் பார்த்து, சரியாக இருக்கிறது என்று சொல்லிவிட்டு வந்து, கட்டுரையைக் கவரில் போட்டு ஒட்டினாள்.

இதில் ஏதோ இடிக்கிறது என்று அவளுக்குத் தோன்றவே இல்லை. யாராவது கேட்டிருந்தால் பதில் தயாராக இருந்தது. ஆராய்ச்சி செய்கிறவர் தம்மைக் கணக்கில் சேர்த்துக்கொள்ளக் கூடாது. புத்தகத்தில் அப்படித்தான் போட்டிருந்தது. அந்தப் புத்தகத்தை எழுதியவருக்கு வீட்டில் யார் சமைத்துப் போட்டார்கள் என்ற கேள்வி அவளுக்கு வர இன்னும் இரண்டு வருஷம் ஆயிற்று.

மகாதேவன் ரயில்வே கணக்கு ஆபீசில் வேலை பார்த்தார். கல்யாணத்துக்கு முன்னால் மாட்டுங்காவில் நாலு பேரோடு ஓர் அறையில் குடியிருந்தவர். அந்த நாலு பேரில் வாயில் வைக்கிற மாதிரி சமைக்கத் தெரிந்தது அவருக்கு மட்டும்தான். வல்லி கல்யாணமாகி வந்தபோது அவளுக்கு எம்.ஏ. தெரியும், அரிசி களையத் தெரியாது. "நீ தீசிஸை முடி. அதுவரைக்கும் நான் பார்த்துக்கறேன்" என்றார் அவர். தீசிஸ் முடிந்தது. லெக்சரர் வேலை கிடைத்தது. 'அதுவரைக்கும்' மட்டும் முடியவில்லை. இரண்டு பேரும் அதைப் பற்றிப் பேசிக்கொள்ளவும் இல்லை.

ஆனால் வெளியே தெரியக் கூடாது. செம்பூரில், திலக் நகரில், மூத்த பிள்ளை அனந்தநாராயணனோடு இருக்கிற மாமியார் காதில் விழுந்தால் என்ன ஆகும் என்று நினைக்கவே இருவருக்கும் பயம். எதிர் ஃப்ளாட் பார்க்காமலிருக்க அடுக்களை ஜன்னல் எந்நேரமும் சாத்தியே கிடக்கும். மகாதேவன் உள்ளே வியர்த்துக் கொட்டியபடி தாளித்துக்கொண்டிருப்பார். வாசல் மணி அடித்தால் இருவரும் நாடகக் கம்பெனிக்காரர்கள் மாதிரி இடம் மாறுவார்கள். அவர் துண்டை உதறிப் போட்டுவிட்டு ஹாலில் பேப்பரை விரித்துக்கொண்டு உட்காருவார். அவள் உள்ளே போய்க் கரண்டியைக் கையில் பிடித்துக்கொண்டு, "யாரு?" என்று கேட்பாள். பத்து வருஷத்தில் இந்த இடமாற்றம் அத்தனை சுத்தமாகப் பழகிவிட்டது. ஒரு தடவை மாமியாரே வந்து, "பாவம், காலேஜுக்கும் போயிண்டு சமையலும் பண்றே" என்று மருமகளிடம் உருகினாள். வல்லியும் சற்றுக் களைத்த முகத்தோடு அதை ஏற்றுக்கொண்டாள்.

தாராவியில் அவள் பேட்டி எடுத்த பெண்களில் சொர்ணம்மாளை அவளுக்கு ரொம்பப் பிடிக்கும். திருநெல்வேலிப் பக்கத்துக்காரி. ஆஸ்பத்திரியில் ஆயா. புருஷன் பூதத்தான் தோல் பதனிடும் கம்பெனியில் வேலை. மீசையும் ஆளும் பார்க்கவே பயமாக இருக்கும். "வீட்ல சமையல் யாரு?" என்று வல்லி கேட்டபோது, "நாந்தாம்மா. வேற ஆரு? அவுக ஆம்பிளல்லா" என்றாள் சொர்ணம்மாள். வல்லி எழுதிக்கொண்டாள். விடியுமுன் வேலைக்கு ஓடுகிறவள், பிள்ளைகள் பள்ளிக்கூடம் போகிற நேரத்துக்கு எப்படிக் கஞ்சி காய்ச்சினாள் என்று கேட்கத் தோன்றவில்லை. அவள் எதிர்பார்த்த பதில் வந்துவிட்டதல்லவா, அதற்குமேல் கேட்பானேன்?

கட்டுரை அச்சாகி நல்ல பெயர் வாங்கிக்கொடுத்தது. தில்லியிலிருந்து பாராட்டி எழுதினார்கள். துறைத் தலைவர் கர்மார்க்கர், அவளை விருந்தாளிகளுக்கு அறிமுகப்படுத்தும்போதெல்லாம் அந்த வாக்கியத்தை ஒப்பித்துக் காட்டுவார். மாட்டுங்காவில் நாலு பெண்கள் அவளைக் கூட்டத்துக்கு அழைத்து, ஆண்களின் பொறுப்பின்மை பற்றிப் பேசச் சொன்னார்கள். பேசினாள். கைதட்டல் பலமாக இருந்தது. வீட்டுக்கு வரும்போது மகாதேவன் மோர்க்குழம்பு வைத்திருந்தார். கூட்டம் எப்படி என்று கேட்டார். "ரொம்ப உணர்ச்சிவசப்பட்டா எல்லாரும்" என்று சொல்லிக்கொண்டே இரண்டாம் தடவை சாதம் போட்டுக்கொண்டாள்.

அறுபத்தைந்தாம் வருஷம் ஆடி மழையில், சில பழைய வீடுகளைத் திரும்பப் பார்க்க வேண்டும் என்று வல்லி தாராவிக்குப் போனாள். திரும்பும்போது சொர்ணம்மாள் வீட்டில் குடையை விட்டுவிட்டு வந்தாள். மறுநாள் ஞாயிற்றுக்கிழமை. மழை கொஞ்சம் விட்டிருந்தது. காற்று வரட்டும் என்று வாசல் கதவைத் திறந்து வைத்துவிட்டு, வல்லி மேஜையில் உட்கார்ந்து அடுத்த கட்டுரைக்குக் குறிப்பு எடுத்துக்கொண்டிருந்தாள். மணி அடிக்கவில்லை. அதனால் நாடகமும் நடக்கவில்லை.

"யம்மா, கொடைய மறந்துட்டுப் போய்ட்டியளே" என்றபடி சொர்ணம்மாள் நேரே உள்ளே வந்துவிட்டாள். வல்லி எழுந்திருப்பதற்குள், ஹாலிலிருந்து பார்த்தால் தெரிகிற அடுக்களை சொர்ணம்மாள் கண்ணில் பட்டுவிட்டது. அங்கே மகாதேவன் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு தரையில் உட்கார்ந்து ஆட்டுக்கல்லில் உளுந்து அரைத்துக்கொண்டிருந்தார். ஒரு கை குழவியில், ஒரு கை மாவுக்குள். ஓட முடியாது. பேப்பரும் எட்டவில்லை.

மூன்று பேரும் ஒரு கணம் அப்படியே நின்றார்கள். மகாதேவன் மட்டும் உட்கார்ந்திருந்தார்.

லெக்சரர் வேலையில் வல்லிக்கு எதற்கும் ஒரு விளக்கம் சொல்லிப் பழக்கம். "அவருக்கு இன்னிக்கு லீவு" என்றாள். ஞாயிற்றுக்கிழமை எல்லோருக்குமே லீவு என்பது சொன்ன பிறகுதான் உறைத்தது.

சொர்ணம்மாள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். கேலிச் சிரிப்பு இல்லை. அப்பாடா என்று ஒரு சுமையை இறக்கி வைத்த மாதிரி இருந்தது.

"எங்க வீட்லயும் இதேதாம்மா ஓடுது. நான் இருட்டோட கெளம்பிருதேன். அவுகதான் கஞ்சி வச்சு, பிள்ளையளக் குளிப்பாட்டி, தல சீவி அனுப்புதாவ. எஞ்சேலையக் கூட ஆளு முழிக்கதுக்கு முன்னால கொழாயில அலசிப் போட்டுருவாவ."

"என்கிட்ட நீங்கதான் சமைக்கிறதாச் சொன்னேளே?"

"நீங்க எழுதிட்டுல்லா இருந்திய. எழுதுனா அச்சுல வரும். தோல் கம்பெனில நாலு பேரு படிச்சிட்டான்னா அவுக மானம் என்னத்துக்காவும்?" சொல்லிவிட்டு அவள் மகாதேவன் பக்கம் திரும்பினாள். "ஐயா, உளுந்து பொங்கி வந்துட்டு. இனிமே தண்ணி விடாதிய."

"சரிம்மா" என்றார் மகாதேவன், தலையைத் தூக்காமல்.

அன்று சாயங்காலம் முழுக்க வல்லி மேஜையில் உட்கார்ந்து தனக்குத் தானே வாதாடிப் பார்த்தாள். ஒரு வீடு விதிவிலக்கு. இரண்டு வீடு இரண்டு விதிவிலக்கு. மூன்றாவது எங்கே இருக்கிறது என்று அவள் தேடவே இல்லை என்பதும் நினைவுக்கு வந்தது. தான் பொய் சொன்ன அதே காரணத்துக்காக இன்னொருத்தியும் பொய் சொல்லக்கூடும் என்பது, குடும்ப வாழ்க்கையை ஆராய்வதற்காகச் சம்பளம் வாங்கும் ஒருத்திக்குத் தோன்றாமல் போனது எப்படி? யோசிக்க யோசிக்க அவளுக்கு அவமானத்தைவிடச் சிரிப்புதான் அதிகம் வந்தது. சிரித்து முடித்ததும் மறுபடியும் எல்லா வீட்டுக்கும் போவது என்று முடிவு செய்தாள்.

முதலில் போனது தாராவியில் சொர்ணம்மாளுக்கு அடுத்த சந்தில் இருந்த ஹபீபா வீட்டுக்கு. அவள் புருஷன் சிராஜ் மாஹிம் பக்கம் பை தைக்கிற பட்டறை வைத்திருந்தார். ஹபீபாவும் வீட்டில் உட்கார்ந்து அதற்குக் கைப்பிடி தைத்துக் கொடுப்பாள். வல்லி பாயில் உட்கார்ந்து பழைய கேள்வியைப் புதிய விதமாகக் கேட்டாள். ஹபீபா ஊசியை நிறுத்தாமல், "அது கெடக்கட்டும். உங்க வூட்ல யாரு ஆக்குறது?" என்றாள்.

"நான்தான்" என்றாள் வல்லி. வாய் பழக்கத்தில் சொல்லிவிட்டது.

ஹபீபா ஊசியைத் துணியில் குத்தி வைத்தாள். "சொர்ணம் வேற மாதிரில்ல சொன்னா. மாவாட்டுறதக் கண்ணால பாத்தாளாமே."

வல்லியின் முகம் சிவந்துபோனது. பேட்டி எடுக்க வந்த இடத்தில் பொய் சொல்லி அகப்பட்டுக்கொள்வதற்கு எந்தப் புத்தகத்திலும் வழி சொல்லியிருக்கவில்லை. "ஆமாம். அவர்தான் சமைக்கிறார். தினமும். பத்து வருஷமா" என்றாள்.

"இத மொதல்லயே சொல்லிருந்தா நானும் சொல்லிருப்பேன்ல. எங்க வூட்ல மீன் ஆயிறதுலேருந்து ஆணம் வைக்கிறது வரைக்கும் அவங்கதான். புள்ள உண்டானதுலேருந்து எனக்கு அந்த வாடை ஆகல. புள்ளைக்கு இப்போ பன்னெண்டு வயசாவுது."

அதன் பிறகு வல்லி வழியை மாற்றிக்கொண்டாள். எந்த வீட்டில் நுழைந்தாலும், கேள்வி கேட்பதற்கு முன்னால், தன் வீட்டில் மகாதேவன் சமைப்பதை முதலில் சொன்னாள். பதில்கள் மடை திறந்த மாதிரி வந்தன. ஒரு வீட்டில் புருஷன் வெங்காயம் உரிப்பதோடு சரி. ஒரு வீட்டில் மாமியார் தூங்கின பிறகு பாத்திரம் கழுவுவான். வானமாமலை என்பவன் வீட்டில் மட்டும் அவன் கட்டிலில் படுத்துக்கொண்டே தண்ணீர் கேட்டான். வல்லி கண்முன்னே மூன்று தடவை கேட்டான். அவன் மனைவி வல்லி சொன்னதை முழுக்கக் கேட்டுவிட்டு, "நீங்க குடுத்து வச்சவிய" என்று மட்டும் சொன்னாள். அந்த வீட்டுப் படியிறங்கும்போது வல்லிக்குத் தன் முதல் வாக்கியம் முழுப் பொய்யும் இல்லை என்பது புரிந்தது. அதில் சந்தோஷப்பட ஒன்றும் இருக்கவில்லை.

அவள் ஒன்றை மறந்துபோனாள். தாராவிக்கும் மாட்டுங்காவுக்கும் நடுவே ஆராய்ச்சியாளர்கள் மட்டும் போய் வருவதில்லை. எதிர் ஃப்ளாட்டில் பாத்திரம் தேய்க்கும் முப்பிடாதியம்மாளும் தாராவிதான். ஒரு வாரத்தில் எதிர் ஃப்ளாட்டுக்குத் தெரிந்தது. அடுத்த வாரம், மகாதேவன் தினமும் வி.டி. ஸ்டேஷனுக்குப் போகிற லோக்கல் ரயிலில், அதே பெட்டியில் வரும் கோமதிநாயகம், "சார், இன்னைக்கு உங்க கையால என்ன டிபன்?" என்று கேட்டார். பெட்டியே சிரித்தது.

அன்று மாலை மகாதேவன் வீட்டுக்கு வந்து, செருப்பைக் கழற்றிவிட்டு, பேப்பரை விரித்துக்கொண்டு உட்கார்ந்தார். இந்தத் தடவை நாடகம் இல்லை, உண்மையாகவே படித்தார். விளக்கு வைத்து வெகுநேரமாகியும் அடுப்பு பற்றவில்லை.

"ஏன்னா, உடம்பு சரியில்லையா?"

"என்னைப் பத்தி எத்தனை ஆத்துல சொன்னே?"

"எல்லா ஆத்துலயும்தான். ஆராய்ச்சிக்கு அது..."

"எங்கம்மாவுக்கே பத்து வருஷமா மறைச்சு வச்சோம். நீ தாராவி பூராச் சொல்லிட்டு வந்திருக்கே."

"தப்பான முடிவைத் திருத்தணுமோல்லியோ?"

அவர் பேப்பரை மடித்தார். குரல் உயரவே இல்லை. "உன் ஆராய்ச்சி முதல்ல நான் இல்லவே இல்லைன்னு சொல்லித்து. இப்ப நான்தான் உதாரணம்னு சொல்றது. நடுவுல யாராவது என்னை ஒரு வார்த்தை கேட்டேளா?"

நூற்றுக்கணக்கான பேரைக் கேள்வி கேட்டவள், இந்த ஒருவரைக் கேட்கவில்லை.

மகாதேவன் மறுநாளும் அடுக்களைப் பக்கம் போகவில்லை. அதற்கு மறுநாளும் இல்லை. வல்லி சமைத்தாள். சாதம் ஒரு நாள் பாறை, ஒரு நாள் கஞ்சி. கத்தரிக்காயை எண்ணெயில் வதக்க வேண்டுமா, தண்ணீரில் வேக வைக்க வேண்டுமா என்று தெரியாமல் இரண்டையும் செய்தாள். காலேஜில் 'உழைப்பும் குடும்பமும்' பற்றிப் பாடம் நடத்தும்போது கையில் சூடு பட்ட இடம் எரிந்தது. பழைய முடிவைத் திருத்தி எழுத ஆரம்பித்த கட்டுரை ஒரு வரி நகரவில்லை. மனைவி சமைக்கிற வீட்டில் மனைவி எழுத முடியாது என்பதை இத்தனை மலிவாக நிரூபிக்கலாம் என்று தெரிந்திருந்தால், தாராவிக்கே போயிருக்க வேண்டாம்.

செய்தி செம்பூரை எட்டி, மாமியார் பஸ்ஸில் வந்து இறங்கினாள். வல்லி இலை போட்டாள். மாமியார் கூட்டை ஒரு வாய் எடுத்தாள், மென்றாள், தண்ணீர் குடித்தாள்.

"இதுக்கு அவனே பண்ணலாம்" என்றாள். "அவன் சின்ன வயசுலேயே நன்னாப் பண்ணுவான். எனக்குத் தெரியாதா என்ன? போன தடவை வந்தப்போ நீ கரண்டியைப் பிடிச்சிருந்த அழகுலேயே தெரிஞ்சுது."

"பின்னே ஏன் ஒண்ணும் சொல்லலை?"

"பண்றதுல என்ன இருக்கு? ஊர்ல சொல்லிண்டு திரியறதுதான் அசிங்கம்."

அந்தக் கணத்தில் வல்லியின் கட்டுரைக்கு முடிவு கிடைத்துவிட்டது. செய்யலாம், சொல்லக் கூடாது. எல்லா வீடும் அதில்தான் ஓடிக்கொண்டிருந்தது. மாமியாரை மேற்கோள் காட்ட முடியாதே என்ற வருத்தம் மட்டும் இருந்தது.

கொஞ்சம் கொஞ்சமாக எழுதி ஒரு வழியாகக் கட்டுரையை முடித்தாள். அனுப்புவதற்கு முன்னால் அதை மகாதேவனிடம் கொடுத்தாள். "படிச்சுப் பாருங்கோ. வேண்டாம்னா அனுப்பலை" என்றாள். நிஜமாகவே அப்படித்தான் நினைத்தாள்.

அவர் ஆபீஸ் கணக்கைப் பார்க்கிற மாதிரி, பென்சிலோடு உட்கார்ந்து, ஞாயிற்றுக்கிழமை முழுவதும் படித்தார். தம் பெயரைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. ஒரே ஒரு சொல்லை மட்டும், அது வந்த இடத்திலெல்லாம், அடித்திருந்தார்.

"'சமையலில் மனைவிக்கு உதவுகிறார்கள்'னு எழுதியிருக்கே. நான் எப்ப உனக்கு உதவி பண்ணேன்?"

"பின்னே இது என்னவாம்?"

"சமையல். அது என்னோடது. அதுல நீதான் எப்பவாவது உதவி பண்றே. அதுவும் கூப்பிட்டாத்தான். சுமாராத்தான்."

அமெரிக்காவிலிருந்தும் லண்டனிலிருந்தும் வந்த, வல்லி படித்த அத்தனை புத்தகங்களிலும் 'உதவி' என்றுதான் இருந்தது. அந்தச் சொல்லை அவளும் அரிசி மூட்டை மாதிரி அப்படியே இறக்கி வைத்திருந்தாள். பிறகு, பத்து வருஷத்தில் முதல்முறையாக, அவரையும் ஒரு கேள்வி கேட்டாள்.

"உங்களுக்கு அது பிடிச்சிருக்கா?"

அவர் பென்சிலைக் காதில் செருகிக்கொண்டார். "ஆபீஸ்ல கணக்கு சரியா இருந்தா யாரும் கூப்பிட மாட்டா. தப்பா இருந்தாத்தான் கூப்பிடுவா. ரசம் நன்னா இருந்தா நீ ரெண்டாந்தடவை விட்டுக்கறே." எழுந்து போய் அரிசியைக் களைந்தார். போகிற போக்கில் அடுக்களை ஜன்னலைத் திறந்துவிட்டார். எதிர் ஃப்ளாட்டுக்காரி பார்த்தாள். அவரும் பார்த்தார். பிறகு இருவரும் அவரவர் வேலையைக் கவனித்தார்கள்.

திருத்தக் கட்டுரையைக் கர்மார்க்கர் மூக்குக் கண்ணாடியை ஏற்றி இறக்கிப் படித்தார். "முடிவு எங்கே?" என்று கேட்டார். சில ஆண்கள் சமைக்கிறார்கள், சிலர் சமைப்பதில்லை, சமைக்கிறவர்கள் சொல்வதில்லை என்றாள் வல்லி. "சிலர் என்பதெல்லாம் ஒரு முடிவா, மேடம்? முதல் கட்டுரை எவ்வளவு தெளிவாக இருந்தது" என்று அவர் நிஜமாகவே வருத்தப்பட்டார். யாரும் அதிகம் வாங்காத ஒரு பத்திரிகையில், புத்தக மதிப்புரைகளுக்கு முன்னால், அது பொடி எழுத்தில் வந்தது. சொர்ணம்மாளிடம் கொண்டுபோய்க் காட்டினாள். பேர் போடவில்லையே என்பதை உறுதிப்படுத்திக்கொண்டு சொர்ணம்மாள் திருப்தியாகத் தலையாட்டினாள்.

அறுபத்தேழில், லெக்சரருக்கு அடுத்த படியான ரீடர் பதவிக்கு நேர்முகத் தேர்வு நடந்தது. கமிட்டியில் மூன்று பெரியவர்கள். மூன்று பேரும் அந்த வாக்கியத்தைச் சொல்லிப் பாராட்டினார்கள்.

"அந்த முடிவு தவறு" என்றாள் வல்லி. "நான் விசாரித்த விதமே தவறு. என் வீட்டிலேயே அது பொருந்தாது."

மூவரும் ஒருவரையொருவர் பார்த்துப் புன்னகை செய்தார்கள். நடுவில் இருந்தவர், இந்த அடக்கம் இந்தக் காலத்தில் அபூர்வம் என்றார். பதவி அவளுக்கே கிடைத்தது.

வீட்டில் சொன்னபோது மகாதேவன் சிரித்துச் சிரித்துப் புரையேறி, தண்ணீர் குடிக்க வேண்டியதாயிற்று. வல்லியும் சிரித்தாள். அவளுடைய சிரிப்பில் பாதி சம்பள உயர்வுக்கு.

அந்த ஜூனில் பாடத்திட்டத்தை மாற்றினார்கள். வேலையும் குடும்பமும் என்ற பகுதியில் அவளுடைய முதல் கட்டுரையைச் சேர்த்திருந்தார்கள். நடத்த வேண்டியவளும் அவளே. வகுப்பில் அதை வரி வரியாகப் படித்துக் காட்டி, வரி வரியாக ஏன் தவறு என்று விளக்கினாள். பெஞ்சில் தூங்கிக்கொண்டிருந்தவர்கள்கூட நிமிர்ந்து உட்கார்ந்தார்கள். கடைசியில் ஒரு மாணவி எழுந்து, "மேடம், பரீட்சையில் கேட்டால் எதை எழுதுவது?" என்று கேட்டாள்.

வல்லி சாக்பீஸ் படிந்த கையைப் புடவையில் துடைத்துக்கொண்டாள். "முதல் கட்டுரையை எழுதும்மா" என்றாள். "மார்க் அதற்குத்தான்."